எண்ணெய்ப் புட்டியும் கம்பியில்லாத் தந்தியும்

ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் நாகைத் துறைமுகத்தில் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றப்பட்டது என்று செய்தி வந்தால், வேதாரண்யம் முதல் அதிராம்பட்டினம் வரை எத்தனை வீடுகளில் அன்றிரவு உறக்கம் இராது என்பதை நம் பகுதி மக்களுக்கு எவரும் விளக்க வேண்டியதில்லை. 2018 நவம்பர் 16 அன்று கரையேறிய கஜா புயல், பட்டுக்கோட்டை, பேராவூரணிப் பக்கத்துத் தென்னந்தோப்புகளைச் சாய்த்ததை நாம் மறக்கவில்லை. அத்தகைய புயல் ஒன்றை, தலைக்குத் தேய்க்கும் எண்ணெய்ப் புட்டி ஒன்று அடக்கிவிட்டது என்று ஒருவர் கதை எழுதினால் நாம் சிரிப்போம். அதை எழுதியவர் பெயர்பெற்ற இயற்பியல் பேராசிரியர் என்று தெரிந்தால் சிரிப்பை நிறுத்திவிட்டுச் சற்று யோசிப்போம்.

1896-இல் வங்காளத்தில் எழுதப்பட்ட அந்தக் கதையின் ஆசிரியர் ஜெகதீஷ் சந்திர போஸ். கல்கத்தாவில் 'குந்தலீன்' என்னும் கூந்தல் எண்ணெயை விற்றுவந்த ஹேமேந்திரமோகன் போஸ் என்ற வணிகர் சிறுகதைப் போட்டி ஒன்றை நடத்தினார். கதையில் எண்ணெயின் பெயர் இடம்பெற வேண்டும். ஆனால் விளம்பரம் போலத் தோன்றக்கூடாது என்பது நிபந்தனை. போஸின் கதை முதற்பரிசு பெற்றது. பின்னர் அவரே அதைத் திருத்தி விரித்து, 'ஓடிப்போன புயல்' என்று பொருள்படும் புதுத் தலைப்பிட்டு, 1921-இல் வெளிவந்த 'அவ்யக்த' என்னும் தம் வங்காளக் கட்டுரைத் தொகுப்பில் சேர்த்தார். வங்க மொழியின் தொடக்ககால அறிவியல் புனைகதைகளுள் ஒன்றாக இன்று இது போற்றப்படுகிறது.

ஒரு சிறுகதையைத் திறனாய்வதோடு நில்லாமல், அதை எழுதியவரின் வாழ்வோடு சேர்த்துப் படிப்பது நம் நோக்கம். கம்பியில்லாத் தந்தியின் வரலாற்றில் போஸுக்கும் மார்க்கோனிக்கும் இடையே எழுந்த வழக்கு நூறாண்டு கடந்தும் ஓயவில்லை. அந்த வழக்கில் எழும் அறக்கேள்விகள் சிலவற்றுக்கு இக்கதை எதிர்பாராத வெளிச்சம் தருகிறது என்பது நம் கருத்து.

கதையின் உள்ளே

கதை எளியது. கல்கத்தாவை நோக்கிப் பெரும்புயல் வருகிறது என்று வானிலை அலுவலகம் அறிவிக்கிறது. நகரமே நடுங்கிக் காத்திருக்கிறது. புயல் வரவில்லை. எங்கே போயிற்று என்பதற்கு அறிஞர்கள் ஆளுக்கொரு விளக்கம் எழுதுகிறார்கள். எதுவும் பொருந்தவில்லை. பிறகு உண்மையை அறிந்த ஒருவர் பேசத் தொடங்குகிறார். காய்ச்சலில் முடியிழந்து, மருத்துவர் சொற்படி இலங்கைக்குக் கப்பலேறியவர் அவர். புறப்படும்போது அவருடைய சிறுமகள், தந்தையின் தலையில் தீவுகள் போல் எஞ்சியிருக்கும் முடியைக் கேலி செய்து, எண்ணெய்ப் புட்டி ஒன்றைப் பெட்டியில் வைத்து அனுப்பியிருந்தாள். நடுக்கடலில் புயல் சீறுகிறது. கப்பல் இனித் தாங்காது என்ற நிலையில், எண்ணெய் பரவினால் அலை தணியும் என்று எங்கோ படித்தது அவர் நினைவுக்கு வருகிறது. புட்டியைத் திறந்து கடலில் எறிகிறார். கடல் அடங்குகிறது.

இக்கதை மூன்று தரப்பாரைப் பார்த்துச் சிரிக்கிறது. முன்னறிவிப்பில் தவறிய அரசு அலுவலகத்தைப் பார்த்து முதலில். கண்ணால் காணாததற்கெல்லாம் காரணம் கற்பிக்கும் புலமையைப் பார்த்து அடுத்து. எல்லா நோய்க்கும் தம் சரக்கே மருந்து என்று முழங்கும் வணிகத்தைப் பார்த்து இறுதியாக. மூன்றாவது சிரிப்பே கூர்மையானது. எண்ணெய் வணிகரின் பரிசைப் பெறுவதற்காக எழுதிய கதையில், எண்ணெய்க்குக் கடலையே அடக்கும் ஆற்றலைத் தந்து, புகழ்வது போலப் பழித்துவிடுகிறார் ஆசிரியர். பரிசளித்த வணிகருக்கும் அது புரிந்திருக்கும், அவரும் சிரித்திருப்பார். அந்தப் பெருந்தன்மை இருவருக்கும் உரியது.

ஆனால் கதையின் உயிர் இந்தக் கேலியில் இல்லை. அந்தப் புட்டி எப்போது பயன்படுகிறது என்று பார்க்க வேண்டும். பெட்டிக்குள் இருக்கும் வரை அது ஒருவருடைய வழுக்கைக்கு மருந்து. மூடியைத் திறந்து ஊற்றிய பிறகுதான் கப்பலில் இருந்தவர் அனைவருக்கும், கரையில் இருந்த பெருநகருக்கும் அது காப்பாகிறது. உயிர்தப்பிய நகரமோ யாருக்கு நன்றி சொல்வது என்று அறியாமல் இருக்கிறது. இதை எழுதிய கை, அதே காலத்தில் ஆய்வுக்கூடத்தில் மின்னலைகளை எழுப்பிக்கொண்டிருந்த கை என்பதை நாம் மறக்கலாகாது. அடுத்த ஐந்தாண்டுகளில் ஆசிரியரின் வாழ்வில் நடக்கவிருந்ததைக் கதை தன்னையறியாமல் முன்கூட்டிச் சொல்லிவிட்டது போலத் தோன்றுகிறது.

மேடையில் சொல்லப்படும் கதை

ஆண்டுதோறும் பிப்ரவரி 28-இல் தேசிய அறிவியல் நாள் வந்தால், நம் பள்ளி மேடைகளில் வேறொரு கதை ஒலிக்கும். வானொலியைக் கண்டுபிடித்தவர் போஸ். அதைத் திருடிப் புகழும் பொருளும் பெற்றவர் மார்க்கோனி. காசை விரும்பாத கீழை நாட்டு முனிவரைக் காசாசை பிடித்த மேலை நாட்டார் ஏமாற்றினார். கேட்கும் பிள்ளைகள் கைதட்டுகிறார்கள். இந்தக் கதையில் உண்மை உண்டு. முழு உண்மை இல்லை. அரைகுறை உண்மையை நாட்டுப்பற்றின் பெயரால் பிள்ளைகளுக்கு ஊட்டுவது நல்ல கல்வியாகாது. ஆகவே ஏடுகள் சொல்வதை வரிசைப்படுத்திப் பார்ப்போம்.

போஸ் 1858 நவம்பர் 30-இல் மைமன்சிங்கில் பிறந்தார். தந்தையார் அரசு அலுவலர். ஆங்கிலப் பள்ளிக்கு அனுப்ப வசதி இருந்தும் மகனை முதலில் தாய்மொழிப் பள்ளியில் சேர்த்தார். மீனவர் மகனும் இசுலாமியப் பணியாளர் மகனும் அங்கே அவருடைய அருகில் அமர்ந்து படித்தவர்கள். பின்னர் கல்கத்தா தூய சவேரியார் கல்லூரியில் இயேசு சபைக் குருவான பெல்ஜிய நாட்டு அருள்தந்தை யூஜின் லஃபோனிடம் இயற்பியல் பயின்றார். செய்துகாட்டிப் பாடம் நடத்துவதில் பெயர்பெற்றவர் லஃபோன் அடிகளார். 1876-இல் மகேந்திரலால் சர்க்கார் இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகத்தை நிறுவியபோது அவருக்குத் துணைநின்றவர். மருத்துவம் படிக்க இங்கிலாந்து சென்ற போஸ் இயற்கை அறிவியலுக்கு மாறி, கேம்பிரிட்ஜில் ராலே பிரபுவிடம் பயின்று திரும்பினார்.

1885-இல் மாநிலக் கல்லூரியில் அவருக்குப் பேராசிரியர் பணி கிடைத்தது. ஐரோப்பியர் பெறும் ஊதியம் இந்தியருக்குக் கிடையாது என்றார்கள். மூன்றாண்டுகள் ஊதியத்தைத் தொடாமலே பாடம் நடத்தினார் போஸ். இறுதியில் அரசு பணிந்தது. முழு ஊதியத்தையும் முன்தேதியிட்டு வழங்கியது. காசைத் துறந்தவர் என்று மேடையில் போற்றப்படுபவர், தமக்கு நியாயமாக உரிய காசுக்காக மூன்றாண்டு அறப்போர் நடத்தியவர் என்பதை நாம் குறித்துக்கொள்ள வேண்டும். அவர் வெறுத்தது பொருளை அன்று. பொருளின் பெயரால் நடக்கும் அநீதியை.

1894 முதல் 1896 வரை மில்லிமீட்டர் அளவேயான மிகக் குறுகிய மின்காந்த அலைகளை எழுப்பி, அவை ஒளியைப் போலவே திரும்புவதையும் முறிவதையும் அவர் காட்டினார். கல்கத்தா நகர மன்றத்தில், வங்க மாகாணத் துணை ஆளுநர் முன்னிலையில், அலைகள் சுவர்களை ஊடுருவிச் சென்று மணியை ஒலிக்கச் செய்தன, வெடிமருந்தைப் பற்றவைத்தன. 1897 சனவரியில் இலண்டன் ராயல் இன்ஸ்டிடியூஷனில் தம் கருவிகளை விளக்கினார். அவற்றின் அமைப்பை மறைக்கவில்லை. இப்பணியை உலக மின்பொறியாளர் கழகம் 2012-இல் ஒரு மைல்கல்லாக அறிவித்துச் சிறப்பித்தது.

மார்க்கோனி 1874-இல் போலோனியாவில் பிறந்தவர். போஸைவிடப் பதினைந்து வயது இளையவர். 1895-இல் தம் தந்தையின் தோட்டத்தில் சோதனைகளைச் செய்தார். 1896 சூனில் இங்கிலாந்தில் காப்புரிமை கோரினார். 1897-இல் நிறுவனம் தொடங்கினார். 1899-இல் ஆங்கிலக் கால்வாயைத் தாண்டியும், 1901 திசம்பர் 12-இல் அட்லாண்டிக் பெருங்கடலைத் தாண்டியும் குறிகளை அனுப்பியதாக அறிவித்தார். 1909-இல் பிரவுன் என்ற செர்மானியரோடு நோபல் பரிசைப் பகிர்ந்தார்.

பாதரசத் துளியின் பயணம்

வழக்கு எங்கே எழுகிறது? அலையை உணரும் கருவியில் எழுகிறது. பாரிசு கத்தோலிக்க நிறுவனப் பேராசிரியர் எட்வார்ட் பிரான்லி 1890-இல் கண்டறிந்தபடி, கண்ணாடிக் குழாயில் இட்ட உலோகத்தூள் மின்னலை பட்டதும் ஒட்டிக்கொண்டு மின்சாரத்தைக் கடத்தும். ஆனால் ஒவ்வொரு குறிக்குப் பின்னும் குழாயைத் தட்டித் தூளைக் கலைத்தாக வேண்டும். தட்டாமலே தானாகப் பழைய நிலைக்குத் திரும்பும் கருவியை, இரும்பையும் பாதரசத்தையும் கொண்டு அமைத்தவர் போஸ். 1899 ஏப்ரலில் இலண்டன் ராயல் சொசைட்டியில் அந்தக் கட்டுரை படிக்கப்பட்டது, அச்சிலும் வந்தது.

1901-இல் அட்லாண்டிக்கைக் கடந்த குறியைக் கேட்க மார்க்கோனி பயன்படுத்தியதும் பாதரசக் கருவியே. இத்தாலியக் கடற்படையைச் சேர்ந்த லூயிஜி சோலாரி என்னும் நண்பர் அதை அவருக்குத் தந்தார். 'இத்தாலியக் கடற்படைக் கருவி' என்று அது பெயர்பெற்றது. யார் கண்டது என்று இத்தாலியிலேயே சச்சரவு எழுந்தபோது, ஆங்கில ஏடு ஒன்றில் படித்த ஏதோ ஒரு குறிப்பே தமக்கு அக்கருத்தைத் தந்தது, எந்த ஏடு என்று தேடியும் கிடைக்கவில்லை என்ற பொருள்பட சோலாரி எழுதினார். 1998-இல் புரோபீர் பந்தோபாத்யாய் என்ற அறிஞர் இந்தத் தடத்தை ஆராய்ந்து, அந்தக் கருவி போஸின் 1899-ஆம் ஆண்டுக் கருவியே என்று நிறுவினார்.

இதைத் திருட்டு என்று சொல்லலாமா? போஸ் வெளியிட்டது எவரும் படிக்கக்கூடிய கட்டுரை. படித்துப் பயன்படுத்துவது குற்றமாகாது. அதற்காகவே அவர் வெளியிட்டார். குற்றம் வேறிடத்தில் இருக்கிறது. கால்வாயைத் தாண்டி 1899-இல் அனுப்பிய செய்திகளுள் ஒன்றைப் பிரான்லிக்கே உரித்தாக்கி, இந்த வெற்றியில் அவர் ஆய்வுக்கும் பங்குண்டு என்று வணக்கம் தெரிவித்தவர் மார்க்கோனி. கடனை ஒப்புக்கொள்வது எப்படி என்று அவருக்குத் தெரிந்திருந்தது. பாரிசுப் பேராசிரியருக்குக் கிடைத்த அந்த வணக்கம் கல்கத்தாப் பேராசிரியருக்குக் கிடைக்கவில்லை. பொருள் களவு என்பதைவிட, பெயர் மறைப்பு என்பதே இக்குற்றத்துக்குப் பொருத்தமான பெயர். பண்ணையாருடைய களத்தில் நெல் குவிந்திருக்கும்போது நாற்றுநட்ட கைகளின் பெயரை யாரும் கேட்பதில்லை. அதைக் கண்டு வளர்ந்த நம் பகுதி மக்களுக்கு இந்த மறைப்பின் வலி புதிதன்று.

பூட்டும் திறப்பும்

மார்க்கோனியின் மீது இன்னும் கடுமையான குற்றச்சாட்டு ஒன்று உண்டு. நம் மேடைப் பேச்சாளர்கள் அதைச் சொல்வதே இல்லை. அவருடைய நிறுவனம் கருவிகளை விற்பதைவிட, இயக்குநரோடு சேர்த்து வாடகைக்கு விடுவதையே விரும்பியது. தம் நிலையங்கள் பிற நிறுவனக் கருவி பூட்டிய கப்பல்களோடு, ஆபத்து வேளை தவிர, பேசக்கூடாது என்று விதித்தது. 1902-இல் செர்மானியப் பேரரசரின் தம்பி இளவரசர் ஹைன்ரிக் அமெரிக்காவிலிருந்து திரும்பிய கப்பலுக்கு இந்த விதியால் மறுமொழி கிடைக்கவில்லை. அதன் விளைவாக 1903-இலும் 1906-இலும் பெர்லினில் பன்னாட்டு மாநாடுகள் கூடின. கருவி யாருடையதாயினும் கரை நிலையங்கள் கப்பல்களோடு பேசியே ஆகவேண்டும் என்ற உடன்படிக்கை பிறந்தது. வானம் ஒருவருடைய தோட்டம் அன்று என்று அரசுகள் கூடிச் சொல்ல வேண்டியிருந்தது.

இவ்வளவும் சொன்ன பிறகு, மறுதட்டிலும் எடை வைப்பதே நீதி. போஸின் மில்லிமீட்டர் அலைகள் ஆய்வுக்கூடத்துக்கு ஏற்றவை. கடல் கடக்க உதவுபவை அல்ல. நீண்ட அலைகளையும் உயர்ந்த கம்பங்களையும் கொண்டு தொலைவைக் கூட்டிக்கொண்டே போனவர் மார்க்கோனி. முதலீடு, பொறியாளர், தொழிற்சாலை ஆகியவற்றைத் திரட்டிக் கருவியைக் கப்பல்தோறும் ஏற்றியவரும் அவரே. 1912 ஏப்ரலில் டைட்டானிக் மூழ்கியபோது ஏறத்தாழ எழுநூறு பேர் பிழைத்ததற்கு, அக்கப்பலில் இருந்த மார்க்கோனி நிறுவனத்தின் இரண்டு இளம் இயக்குநர்கள் விடாமல் அனுப்பிய அபயக்குறியே காரணம். அவர்களுள் ஒருவர் மீளவில்லை. பரிசோதனை மேசையில் கிடந்த கருவி அந்த எழுநூறு பேரைக் காத்திருக்காது.

'வானொலியின் தந்தை' என்ற பட்டத்துக்கே பொருள் குறைவு என்பதும் இங்கே சொல்லத் தகும். லாட்ஜ், பபோவ், டெஸ்லா, பிரவுன் என்று பலர் இதில் உழைத்தனர். 1943-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் மார்க்கோனியின் முதன்மையான காப்புரிமை ஒன்றின் கோரிக்கைகளை, முன்னவர்களின் பணியைச் சுட்டிக்காட்டித் தள்ளுபடி செய்தது. பல வாய்க்கால்கள் சேர்ந்து நிரப்பிய ஏரிக்கு ஒரே வாய்க்காலின் பெயரைச் சூட்டும் ஆசைதான் எல்லாச் சச்சரவுக்கும் வேர்.

முனிவர் பெற்ற காப்புரிமை

மேடைக் கதையைத் தடுமாறச் செய்யும் செய்தி மற்றொன்று. போஸ் காப்புரிமை பெற்றவர். 1901 செப்டம்பரில் விண்ணப்பித்து, 1904 மார்ச்சில் அமெரிக்காவில் அவருக்கு அது வழங்கப்பட்டது. ஈயக் கனிமம் ஒன்றைக் கொண்டு மின்னலைகளை உணரும் கருவிக்கானது அது. விவேகானந்தரின் மாணவியான நிவேதிதையும், அமெரிக்கரான சாரா புல் அம்மையாரும் வற்புறுத்தியதன் விளைவு. உரிமையில் பாதி அம்மையாரின் பெயரில் இருந்தது. அதைக் கொண்டு பொருளீட்ட போஸ் முனையவில்லை.

அதே 1901-இல், தந்தி நிறுவனத்தின் செல்வந்தர் ஒருவர் காப்புரிமைத் தாளோடு தம்மைத் தேடிவந்து, இலாபத்தில் பங்கு தருவதாகச் சொன்னதையும், பணத்தின் மீது அந்நாட்டார் கொண்ட வெறி தமக்கு அச்சமூட்டுவதையும் போஸ் தம் நண்பர் தாகூருக்கு எழுதிய மடலில் விவரித்திருக்கிறார். அந்த அச்சம் உண்மையானது. ஆனால் அவரை நேசித்தவர்களான அந்த இரு பெண்களும் கண்ட ஆபத்தும் உண்மையானதே. திறந்து வைத்த வீட்டுக்குள் நல்லவர் மட்டும் நுழைவார் என்று நம்புவது அவருடைய பண்பு. நுழைந்தவர் தம் பெயரில் பட்டா வாங்கிவிடுவார் என்று எச்சரித்தது அவர்களுடைய அன்பு.

இங்கே நம் ஊர் அனுபவம் ஒன்று துணைக்கு வருகிறது. பொது வாய்க்கால் எவருக்கும் சொந்தமில்லை என்பதனாலேயே அது காக்கப்பட்டுவிடுவதில்லை. கவனிப்பாரற்ற வாய்க்காலைக் கோரையும் ஆகாயத்தாமரையும் மூடும்; கரையோரத்து வயல் ஆண்டுக்கு ஒரு சாண் நகரும்; பத்தாண்டில் வாய்க்கால் வரைபடத்தில் மட்டும் இருக்கும். அதனால்தான் நம் முன்னோர் குடிமராமத்து என்று ஒன்றை வைத்தார்கள். கோடையில் வீட்டுக்கு ஓர் ஆள் மண்வெட்டியோடு வந்து தூர்வார வேண்டும். பொதுவுடைமை என்பது எல்லாரும் எடுத்துக்கொள்வதோடு முடிவதில்லை. எல்லாரும் காவல் நிற்பதில்தான் அது வாழ்கிறது. தன்னுடைமை வேலியை மார்க்கோனி நம்பினார். வேலியே வேண்டாம் என்று போஸ் முதலில் எண்ணினார். குடிமராமத்துக்கு ஒப்பான மூன்றாம் வழியை அவ்விருவரும் அப்போது எண்ணிப் பார்க்கவில்லை.

ஆனால் போஸ் பின்னர் அந்த வழிக்கு வந்து சேர்ந்தார் என்றே நாம் கருதுகிறோம். 1917 நவம்பர் 30-இல் கல்கத்தாவில் தம் பெயரால் ஆய்வு நிலையத்தைத் தொடங்கியபோது, அங்கே காணப்படும் உண்மைகள் வெளியிடப்பட்டுப் பொதுச்சொத்தாகும், அவற்றுக்குக் காப்புரிமை பெறப்படமாட்டாது என்று அறிவித்தார். தனிமனிதரின் துறவு அங்கே ஒரு நிறுவனத்தின் ஒழுங்காயிற்று. தனிமனிதரின் துறவு அவரோடு மறையக்கூடியது. ஒழுங்குக்கோ அடுத்த தலைமுறையிலும் ஆள் உண்டு. அவருடைய வாழ்வில் நாம் பெரிதும் மதிப்பது இந்தச் செயலையே.

ரேடியோ நெல்

இந்தப் பழைய வழக்கு காவிரிக் கரையில் வாழும் நமக்கு எதற்கு என்று கேட்கலாம். நம் வயலுக்கே அது வந்திருக்கிறது என்பதே விடை. 1939 மே மாதத்தில் திருச்சி வானொலி நிலையம் தொடங்கியது. 1960-களின் நடுவில், ஆடுதுறை ஆய்வுப் பண்ணை வெளியிட்ட ஆடுதுறை 27 என்ற குறுகிய கால நெல்லைப் பற்றி அந்த நிலையம் இடைவிடாது எடுத்துரைத்தது. கேட்ட உழவர்கள் விதைத்தார்கள். தஞ்சை மாவட்டத்தில் அந்த நெல்லுக்கு 'ரேடியோ நெல்' என்றே பெயராயிற்று. சப்பானிய நெல்லையும் நம் நெல்லையும் கலந்து பிறந்த அந்த விதைக்கு எவரும் உரிமத்தொகை கேட்கவில்லை. அரசுப் பண்ணை கண்டது. பொது வானொலி சொன்னது. ஒருவர் களத்திலிருந்து மற்றவர் களத்துக்குக் கைமாறிப் பரவியது. போஸ் விரும்பிய உலகமும் மார்க்கோனி கட்டிய கருவியும் கைகோத்த காலம் அது.

அந்த அலையில் பழைய நெல் வகைகள் பல ஒதுங்கின என்பதையும், உரமும் மருந்தும் ஏறின என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. ஒதுங்கியவற்றைத் தேடி மீட்டவர்களுள் ஒருவர் திருத்துறைப்பூண்டிப் பக்கத்து நெல் செயராமன். 2018 திசம்பரில் மறைந்த அவர், ஆதிரெங்கத்தில் நெல் திருவிழா நடத்தி, இரண்டு கிலோ விதை வாங்கிச் செல்பவர் அடுத்த ஆண்டு நான்கு கிலோவாகத் திருப்பித் தர வேண்டும் என்ற முறையை வைத்தார். அது குடிமராமத்தின் மற்றோர் உருவம். கொடை அங்கே உண்டு; கொண்டவருக்குக் கடமையும் உண்டு.

எழுதி வைப்பதும் ஒரு வேலிதான் என்பதற்கு மஞ்சள் சான்று. புண்ணுக்கு மஞ்சள் பூசுவதற்கு 1995-இல் அமெரிக்காவில் காப்புரிமை வழங்கப்பட்டது. நம் நாட்டு அறிவியல் தொழில் ஆய்வுக் குழு பழைய நூல்களையும் ஏடுகளையும் எடுத்துக்காட்டி வாதாட, 1997-இல் அது நீக்கப்பட்டது. பாட்டிமார் அறிந்ததெல்லாம் வாய்மொழியாக மட்டும் இருந்திருந்தால் அந்த வழக்கு நில்லாமற் போயிருக்கும். போஸுக்கு 1998-இல் நீதி கிடைத்ததும் 1899-இல் அவர் அச்சேற்றிய கட்டுரையால்தான். உழவர் தம் விதையைச் சேமிக்கவும் பகிரவும் மாற்றிக்கொள்ளவும் உரிமை தரும் சட்டம் 2001-இல் நம் நாட்டில் இயற்றப்பட்டது. முத்திரையிட்டு விற்பதற்கே அதில் தடை. எத்தனை உழவர் குடும்பங்களில் அச்சட்டத்தின் பெயராவது தெரியும்? காவல் நிற்பாரற்ற உரிமை, தூர்வாராத வாய்க்காலுக்குச் சமம்.

நம் இல்லத்துக் கேள்வி

இந்த வரலாற்றில் திருச்சபைக்கும் இரு பக்கமும் உறவு உண்டு. போஸுக்கு ஆசிரியர் இயேசு சபைக் குரு. 1931 பிப்ரவரி 12-இல் திருத்தந்தை பதினோராம் பத்திநாதர் உலகோடு பேசத் தொடங்கிய வத்திக்கான் வானொலியை அமைத்தவர் மார்க்கோனி. அதே மார்க்கோனி முசோலினியின் கட்சியில் சேர்ந்து பதவிகள் வகித்தவர். நற்செய்தியைக் கொண்டுசென்ற கருவியைச் செய்தவர் என்பதற்காக அவருடைய குறைகளுக்கு வெள்ளை பூச வேண்டியதில்லை. குறையுள்ளவர் செய்தார் என்பதற்காகக் கருவியை மறுக்கவும் வேண்டியதில்லை. 1991-இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், நிலத்தைப் போலவே அறிவும் தொழில்நுட்பமும் இக்காலத்தில் உடைமையாகிவிட்டன என்று தம் சுற்றுமடலில் சுட்டிக்காட்டினார். நிலவுடைமைக்கு வரம்பு கேட்கும் நாம் அறிவுடைமைக்கும் வரம்பு கேட்க வேண்டும் என்பதே அதிலிருந்து நாம் பெறும் முடிவு.

ஆகவே நம் தீர்ப்பு இது. போஸின் சிறுகதை, அவரைப் பற்றி மேடையில் சொல்லப்படும் கதையைவிட நேர்மையானது. அதில் திருடரும் இல்லை, முனிவரும் இல்லை. வணிகத்தைக் கண்டு அஞ்சாமல் சிரிக்கத் தெரிந்த ஒருவர் இருக்கிறார்; மகள் அன்போடு தந்த புட்டியை ஊரார்க்காக ஊற்றிவிடும் தந்தை இருக்கிறார். குறை ஒன்று உண்டு: ஊற்றிய எண்ணெய் என்னவாயிற்று, மறுநாள் புயலுக்கு யார் புட்டி தருவார் என்று கதை கேட்கவில்லை. அக்கேள்விக்கு விடை தேட ஆசிரியருக்கே இன்னும் இருபத்தோராண்டு தேவைப்பட்டது.

இந்தக் கதையை நல்ல தமிழில் பிள்ளைகளுக்குச் சொல்ல முன்வரும் ஆசிரியர்களை நாம் வேண்டிக்கொள்வது ஒன்றுண்டு. போஸின் பெயரை உயர்த்துவதற்கு மார்க்கோனியின் பெயரைத் தாழ்த்த வேண்டாம். 1899-இல் அச்சான கட்டுரையையும், 1906-இல் பெர்லினில் எழுதிய உடன்படிக்கையையும், 1917-இல் கல்கத்தாவில் அறிவித்த ஒழுங்கையும் வரிசையாகச் சொல்லுங்கள். பிறகு, தங்கள் வீட்டுக் குதிரில் இருக்கும் விதைநெல் யாருடையது என்று பிள்ளைகளைக் கேளுங்கள். விடையை வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிவரச் சொல்லுங்கள்.